குறச்சு கூடி

செங்கோட்டையில் எங்கள் வீட்டு மாடியறையில் பதினோரு வருடமாக ஒலிப்பதிவு வேலை பார்க்கிறேன். கோயில் கொடைத் திருவிழா நெருங்கினால் அம்மன் பாட்டு, தேர்தல் வந்தால் ஆட்டோவில் கட்டும் விளம்பரம், மற்ற மாதங்களில் கல்யாண வீடியோவுக்கு இசை. சுவரில் ஜமுக்காளம், ஒரு மைக், ஒரு ஹெட்போன், ஆறு வயதான லேப்டாப். புளியரை சோதனைச் சாவடிக்குப் போகும் லாரிகள் எங்கள் தெருமுனையைத் தாண்டித்தான் போக வேண்டும். அதனால் சத்தம் ஓய்கிற நேரம் பார்த்து நடுராத்திரியில் குரல் பதிவு செய்வேன். சாரல் பிடித்துவிட்டால் அதுவும் நடக்காது. கூரைத் தகரத்தின் மேல் மழை விழத் தொடங்கினால் மைக்கை மூடி வைத்துவிட்டு, லேப்டாப்புக்குள்ளேயே முடிகிற வேலைகளைக் கையில் எடுப்பேன்.

அப்படி ஓர் ஆடி மாதத்தில், மலைக்கு அந்தப் பக்கம் புனலூர் வட்டாரத்துக் கல்லூரிப் பிள்ளைகளிடமிருந்து ஒரு ஆர்டர் வந்தது. ஓணத்தை ஒட்டி நடனப் போட்டி. 90 வினாடிக்கு ஒரு டிராக் வேண்டும், ஹைப்பர்பாப் பாணியில், 160 பிபிஎம், அதாவது நிமிடத்துக்கு 160 அடி. கணக்குப் போட்டால் 240 அடி, நாலு நாலாக 60 பார். பக்திப் பாட்டுக்கு நான் கோத்துப் பழகியதெல்லாம் இதில் பாதி வேகம்.

ஹைப்பர்பாப் என்ற பெயர் பரவலானது 2019-இல் ஸ்பாட்டிஃபை அந்தப் பெயரில் ஒரு பட்டியல் தொடங்கிய பிறகுதான். இசை அதற்கு முந்தியது. லண்டனில் ஏ. ஜி. குக் 2013-இல் பிசி மியூசிக் என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். அதே காலத்தில் சோஃபி என்ற ஸ்காட்லாந்துக் கலைஞர், யாரும் அதுவரை கேட்டிராத சத்தங்களோடு வந்தார். பஞ்சு மிட்டாயையும் தகரத்தையும் ஒரே வாயில் போட்டு மென்றது போல எனக்கு முதலில் கேட்டது. குழந்தைக் குரல் மாதிரி உயர்த்திய பாட்டு, அதற்கு அடியில் உலோகம் கிழிகிற பேஸ், மின்னல் வேகத்தில் மாறும் தாளம். சோஃபி வேலை செய்த விதத்தைப் படித்ததும்தான் மரியாதை வந்தது. குமிழி வெடிப்பதும் ரப்பர் இழுபடுவதும் இரும்பு வளைவதுமாக நாம் கேட்பவற்றை அவர் எங்கேயும் போய்ப் பதிவு செய்துகொண்டு வரவில்லை. மோனோமெஷின் என்ற ஸ்வீடன் நாட்டுக் கருவியில் வெறும் அலைவடிவங்களை வளைத்து வளைத்து உண்டாக்கினார். 2021 ஜனவரியில், 34 வயதில், ஏதென்ஸில் இறந்துபோனார். முழு நிலாவைப் பார்க்க ஏறிய இடத்திலிருந்து விழுந்தார். அந்தச் செய்தியை இன்று நினைத்தாலும் மனசு கனக்கிறது.

நான் பயன்படுத்துவது எஃப்எல் ஸ்டூடியோ என்ற இசைக்கோப்பு மென்பொருள். பெல்ஜியத்தில் 1997-இல் ஃப்ரூட்டிலூப்ஸ் என்ற பெயரில் வந்தது. ஒருமுறை காசு கட்டினால் பிறகு வரும் பதிப்புகளுக்குப் பணம் கேட்பதில்லை. எங்களைப் போன்ற சின்ன ஊர்க்காரர்களுக்கு அது பெரிய உதவி. சிந்தசைசருக்கு வைட்டல். 2020-இல் வந்த அதில் இலவசப் பதிப்பே போதுமானது. ஆகச் செலவு குறைவு. மீதியெல்லாம் காதும் நேரமும்தான்.

முதல் பதிப்பில் என்னிடம் இருந்த எல்லாவற்றையும் கொட்டினேன். ரம்பப்பல் வடிவ அலைகள் ஏழினை லேசாகச் சுருதி பிசக்கி அடுக்கினால் சூப்பர்சா என்ற பெரிய சத்தம் கிடைக்கும். அதையே மூன்று அடுக்காக வைத்தேன். புளியரைச் சாவடிக்கு அருகே டீக்கடையில் உட்கார்ந்து, லாரிகள் ஏர் பிரேக் விடும் சத்தத்தை போனில் பதிவு செய்துவந்து ஸ்னேர் டிரம்மோடு சேர்த்தேன். எவர்சில்வர் தட்டு ஒன்றைக் கவிழ்த்துத் தட்டி, எட்டு சுருதி ஏற்றி மணியாக்கினேன். ஒவ்வொன்றுக்கும் சத்தத்தைக் கரகரப்பாக்கும் டிஸ்டார்ஷன், எல்லாவற்றுக்கும் மேலே ஒலியளவை வரம்புக்குள் நிறுத்தும் லிமிட்டர். திரையில் பார்த்தால் அலைவடிவம் ஏற்ற இறக்கமே இல்லாமல் செங்கல் மாதிரி இருந்தது. எனக்குத் திருப்திதான். அனுப்பினேன்.

இரவு பதினொன்றரைக்குக் குழுத் தலைவியின் வாய்ஸ் மெசேஜ். “சேச்சி, எல்லாம் சூப்பராணு. குறச்சு கூடி பவர் வேணம்.”

இதற்கு மேல் எங்கே ஏற்றுவது? ஒலியளவு உச்சவரம்பைத் தொட்டாயிற்று. டிஜிட்டலில் பூஜ்யம் டெசிபெல்லுக்கு மேல் இடமே கிடையாது. ஹெட்போனைக் கழற்றிவிட்டு அந்த மெசேஜையே மறுபடி மறுபடி கேட்டேன். 1956 நவம்பர் 1 வரை செங்கோட்டை திருவிதாங்கூரில் இருந்தது. எங்கள் ஆச்சி பேச்சில் பாதி மலையாளம். அவர்கள் பாஷையில் ‘குறச்சு’ என்றால் ‘கொஞ்சம்’, ‘குறச்சு கூடி’ என்றால் ‘இன்னும் கொஞ்சம்’. இது எனக்குச் சின்ன வயசிலேயே தெரியும். ஆனால் அன்றைக்குத் தூக்கக் கலக்கத்தில் காது தமிழில்தான் கேட்டது. குறைச்சு, கூடி. குறைத்தால் கூடும். அப்படியே எழுந்து லேப்டாப்பைத் திறந்தேன்.

எங்கள் மாமா கோயில் கொடைகளுக்குத் தவில் வாசிக்கிறவர். அவர் வீட்டில் சாதகம் செய்வதைக் கேட்டே நாங்கள் வளர்ந்தோம். ஒரு சொற்கட்டை மூன்று தரம் வாசித்து சமத்தில், அதாவது தாளத்தின் முதல் அடியில், வந்து இறங்குவது தீர்மானம். என் டிராக்கில் டிராப்புக்கு, அதாவது தாளம் முழு பலத்தோடு வந்து விழும் இடத்துக்கு, முந்தைய 2 பாரில் அதைத்தான் வைத்திருந்தேன். 2 பார் என்றால் பதினாறில் ஒரு பங்கு ஸ்வரங்களாக 32. ததிகிணதொம் இரண்டு முறை பத்து, இடைவெளி ஒன்று, மறுபடி பத்து, ஒன்று, பத்து. கணக்கு 32 சரியாக வருகிறது. ஆனால் 160 வேகத்தில் அந்த ஒற்றை இடைவெளி 94 மில்லி வினாடிதான். எதிரொலி அடங்குவதற்குள் அடுத்தது வந்து விழுகிறது. மூன்று தரம் வாசித்ததே காதுக்குத் தெரியாது, ஒரே இரைச்சல். பத்தை எட்டாக்கினேன்: தகதிமி தகஜுணு. இடைவெளி நான்கு. 8, 4, 8, 4, 8. இதுவும் 32-தான். இப்போது ஒவ்வோர் இடைவெளியும் முழுசாக ஓர் அடி, 375 மில்லி வினாடி. அந்த நான்கில் எதிரொலியையும் விடவில்லை, சுத்தமாக அறுத்தேன். முப்பது சத்தம் இருந்த இடத்தில் இப்போது இருபத்து நாலுதான். ஆனால் போட்டுக் கேட்டபோது நாற்காலியை விட்டு என் உடம்பு எழும்பியது.

அதன் பிறகு கை நிற்கவில்லை. சூப்பர்சாவில் இரண்டு அடுக்கை எடுத்தேன். கிக் டிரம் விழும் நேரமெல்லாம் பேஸ் ஒதுங்கி நிற்கும்படி செய்தேன். ஏர் பிரேக்கை எல்லா ஸ்னேரிலிருந்தும் பிடுங்கி, மொத்த டிராக்கிலும் மூன்றே இடத்தில் விட்டேன். அம்மா கீழேயிருந்து, “ஏட்டி, மணி ரெண்டாகுது, கரண்டு வேற போகப் போகுது, வந்து படு” என்றாள். கரண்ட் போனது. லேப்டாப் பேட்டரியில் இன்னும் நாற்பது நிமிடம் இருந்தது.

தீர்மானத்துக்கு முந்தைய ஏற்றத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்துக் கோயில்களுக்கு அந்தப் பக்கமிருந்து செண்டை மேளம் வருவது வழக்கம். அதில் ஒரு வகையான பஞ்சாரி மேளத்தில் ஐந்து காலம், அதாவது ஐந்து வேகப் படி. முதல் காலத்தில் ஒரு சுற்று 96 அட்சரம். அடுத்தது 48, பிறகு 24, 12, கடைசியில் 6. சுற்று பாதி பாதியாகச் சுருங்கச் சுருங்கக் கூட்டத்தின் கைகள் மேலே எழும். டான்ஸ் இசையில் டிராப்புக்கு முன்னால் ஸ்னேரை இரட்டிப்பதும் இதே கணக்குதான். முதல் பாரில் அடிக்கு ஒன்று, அடுத்ததில் இரண்டு, நான்கு, எட்டு. எட்டாகும்போது ஒரு ஸ்னேர் அடிக்கும் அடுத்த ஸ்னேர் அடிக்கும் இடையே 47 மில்லி வினாடி, அதாவது வினாடிக்கு 21 ஸ்னேர் அடி. இருபதைச் சுற்றிய அந்த எல்லையில்தான் காது அடிகளைத் தனித்தனியாக எண்ணுவதை விட்டு, அவற்றை ஒரு சுருதியாகக் கேட்கத் தொடங்குகிறது. தாளம் ஸ்வரமாக மாறுகிற அந்த வாசலில் கொண்டுபோய் நிறுத்தி, பிறகு தீர்மானத்தின் இடைவெளியைக் கொடுத்தால் விழுகிற டிராப்புக்குத் தனியாகச் சத்தம் கூட்டவே வேண்டாம்.

பிள்ளைகள் பயிற்சி செய்வது போன் ஸ்பீக்கரில். 50 ஹெர்ட்ஸ் பேஸ் அதில் கேட்கவே கேட்காது. இங்கே டிஸ்டார்ஷன் உதவிக்கு வருகிறது. அலையின் தலையையும் அடியையும் சமமாக வெட்டினால் 150, 250, 350 என்று ஒற்றைப்படை மடங்குகள் முளைக்கும். அவற்றில் மேலே இருப்பவை போனில் கேட்கும். கீழே இல்லாத 50-ஐ மூளை தானே நிரப்பிக்கொள்ளும். முரட்டுத்தனம் என்று நான் நினைத்திருந்த அந்தப் பேஸ் உண்மையில் சின்ன ஸ்பீக்கர்க்காரர்களையும் கணக்கில் எடுத்த வேலை. இதைத் தெரிந்துகொண்ட நாளிலிருந்து அந்தச் சத்தத்தின் மேல் எனக்குத் தனிப் பாசம்.

குரல்தான் என்னை அதிகம் யோசிக்க வைத்தது. குழுத் தலைவியே நாலு வரி கத்தி போனில் பதிவு செய்து அனுப்பியிருந்தாள். பதினோரு வருடமாக, குரலின் சுருதியைத் திருத்தும் ஆட்டோடியூன் வேலையைக் கையும் களவுமாகப் பிடிபடாமல் செய்ய வேண்டும் என்றே பழகியவள் நான். அம்மன் பாட்டு பாடுகிறவர் சுருதி விலகினால் திருத்துவேன், ஆனால் திருத்தியது தெரியக் கூடாது. திருத்தும் வேகத்தைக் கூட்டிவிட்டால் கமகம் போய்விடும். வழுக்கிக்கொண்டு போக வேண்டிய இடம் படிக்கட்டாகும். எண்ணெய் நிறுவனங்களுக்காகப் பூமிக்குள்ளிருந்து திரும்பும் அதிர்வலைகளை ஆராய்ந்த ஆண்டி ஹில்டெபிராண்ட் 1997-இல் ஆட்டோடியூனைக் கொண்டுவந்தபோது அவர் எண்ணியதும் தெரியாத திருத்தம்தான். ஹைப்பர்பாப் அந்தப் படிக்கட்டையே கேட்கிறது. திருத்த எடுக்கும் நேரத்தைப் பூஜ்யத்தில் வைத்தேன், குரலை ஐந்து அரைச்சுருதி ஏற்றினேன், சொற்களுக்கு நடுவே மூச்சையெல்லாம் வெட்டினேன். அவள் கேட்டுவிட்டு ஒரே வரியில் வாய்ஸ் மெசேஜ் அனுப்பினாள்: “இது ஞானாணோ சேச்சி?” இது நானா அக்கா என்கிறாள். சந்தோஷத்தில் குரல் உடைந்திருந்தது. பத்து நாள் முன்பு தன் குரல் கட்டை, வேறு யாரையாவது பாடவைக்கலாம் என்று சொன்னவள் அவள். மறைக்காமல் செய்த திருத்தம் ஒரு பெண்ணைத் தன் குரலோடு சேர்த்து வைத்ததை முதல்முறையாக அன்று பார்த்தேன்.

போட்டிக்கு வரச் சொல்லி அழைத்தார்கள். செங்கோட்டையில் ரயிலேறி, தென்மலையில் பதின்மூன்று கண் பாலத்தைத் தாண்டிப் போனேன். அரங்கில் டிராக் தொடங்கிய நாலாவது வினாடியில் எனக்கு வயிறு கலங்கியது. நான் உயிரைக் கொடுத்துச் செய்த சூப்பர்சா காணோம். எங்கோ அடுத்த வீட்டு ரேடியோ மாதிரி மெலிந்து கேட்டது. அரங்கின் மிக்ஸருக்குப் போன வயர் மோனோ. நான் அகலமாகக் கேட்கட்டும் என்று ஒரு பக்கத்து அலையைத் தலைகீழாக்கி வைத்திருந்தேன். இடது ஏறும்போது வலது இறங்கும். இரண்டையும் ஒரே வயரில் சேர்த்தால் ஒன்றை ஒன்று தின்றுவிடும். மோனோவில் ஒருமுறை போட்டுப் பார்த்திருந்தால் வீட்டிலேயே தெரிந்திருக்கும். பார்க்கவில்லை. என் தவறுதான்.

நடுவில் வைத்திருந்ததால் கிக்கும் குரலும் தட்டு மணியும் தப்பின. ஏற்றம் வந்தது. தீர்மானம் தொடங்கியது. முதல் எட்டு முடிந்து இடைவெளி. அந்த 375 மில்லி வினாடியில் எட்டு பேரின் கால்களும் பலகையில் ஒரே நேரத்தில் விழுந்தது தெளிவாகக் கேட்டது. இரண்டாவது இடைவெளியில் அரங்கில் இருந்த பிள்ளைகள் எல்லோரும் சேர்ந்து கத்தினார்கள். மேளத்துக்கு எழுவது போலவே கைகள் எழுந்தன. நான் அங்கே எந்தச் சத்தமும் வைத்திருக்கவில்லை. அவர்கள் வைத்தார்கள்.

இரண்டாம் பரிசு. பிள்ளைகள் என்னைச் சுற்றி நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். சூப்பர்சா காணாமல் போனதை யாரும் சொல்லவில்லை. சொல்லாததே எனக்கு உறுத்தியது.

திரும்பி வரும் ரயிலில் ஜன்னலோரம் லேப்டாப்பை மடியில் வைத்துத் திறந்தேன். மாஸ்டரில் மோனோ பொத்தானை அழுத்தி, கண்ணை மூடி முதலிலிருந்து கேட்டேன். சூப்பர்சாவைத் தலைகீழாக்கிய வேலையை நீக்கி நடுவுக்குக் கொண்டுவந்தேன். அதற்கு இடம் விடத் தட்டு மணியில் பாதியை எடுத்தேன். போட்டி முடிந்திருந்தது, இனி அந்த டிராக் எந்த மேடைக்கும் போகப்போவதில்லை. இருந்தாலும் அவள் போனில் தப்பான பதிப்பு இருக்க மனசு ஒப்பவில்லை. ஆரியங்காவு குகையில் சிக்னல் இல்லை. பகவதிபுரம் வந்ததும் அனுப்பினேன்.