பெர்பேத்துவாவின் கைக்குழந்தை

கி.பி. 203 மார்ச் 7 அன்று வட ஆப்பிரிக்காவின் கார்த்தேஜ் நகரில் கொல்லப்பட்ட பெர்பேத்துவாவை, கிறிஸ்தவ விசுவாசத்துக்காக உயிர்விட்ட மறைசாட்சி என்றே நினைவுகூர்கிறோம். எனக்கோ அவர் முதலில் ஒரு கைக்குழந்தையின் தாய். சுமார் 22 வயதில் சிறைப்பட்ட அவர், தாமே எழுதியதாகக் கருதப்படும் குறிப்புகளில், பசியால் துவண்டுபோன பிள்ளைக்குப் பாலூட்டியதையும், அவனை உடன் வைத்துக்கொள்ள அனுமதி கிடைத்ததும் அந்த இருட்டுச் சிறையே அரண்மனையாகத் தோன்றியதையும் சொல்கிறார். கிறிஸ்தவரல்லாத தந்தை, நரைத்த தலையோடு மகளின் கைகளை முத்தமிட்டு, காலில் விழுந்து, "மகளே" என்பதை விட்டு "அம்மணி" என்றழைத்து, விசுவாசத்தைக் கைவிடும்படி கெஞ்சிய இடத்தை என்னால் கண்கலங்காமல் கடக்க முடிவதில்லை. அதே சிறையில் அடிமைப்பெண் பெலிசித்தா எட்டாம் மாதத்திலேயே பெற்றெடுத்த பெண் குழந்தையை, சக விசுவாசியான ஒரு சகோதரி தம் சொந்த மகளாக வளர்த்தார். பெர்பேத்துவாவின் குறிப்புகளில் கணவரைப் பற்றி மட்டும் ஒரு சொல்லும் இல்லை.