உகந்தையிலிருந்து காட்டுவழி

இந்த முறை உடம்பு தயாராகத்தான் இருந்தது. கல்லடிக் கடற்கரை மணலில் மூன்று மாதம் விடியற்காலையில் நடந்து பழகியிருந்தேன். முதல் தடவை கதிர்காமப் பாதயாத்திரை போனபோது காட்டுக்குள் கொஞ்ச தூரத்திலேயே மூச்சு வாங்கிவிட்டது. நடந்து பழகப் பழக இதயம் ஒரு துடிப்புக்குத் தள்ளும் இரத்தம் கூடும்; அதே நடைக்குக் குறைந்த துடிப்பே போதும். அந்தத் தெம்போடுதான் உகந்தமலை முருகனைக் கும்பிட்டுக் காட்டுக்குள் இறங்கினேன்.

ஆனாலும் மதியத்துக்குள் கால் கனத்துவிட்டது. கைக்கடிகாரம் நாடித்துடிப்பை 110 என்றது. எனக்கோ மலை ஏறுகிற மாதிரி இருந்தது.

முதல் நாள் இரவு இரண்டு மணிவரை மாதக் கடைசிக் கணக்கோடு மல்லுக்கட்டிவிட்டு பஸ் ஏறியிருந்தேன். கணக்கு சரிவரவில்லை, அந்தக் கவலையும் கூடவே வந்தது. சுவீடன் உளவியலாளர் குன்னர் போர்க், உழைப்பு எவ்வளவு கடினமாகத் தெரிகிறது என்று செய்பவரையே கேட்டு, 6 முதல் 20 வரை எண் சொல்லவைத்தார். அந்த எண்ணைப் பத்தால் பெருக்கினால் ஏறக்குறைய நாடித்துடிப்பு வரும். அன்று என்னைக் கேட்டிருந்தால் 11 அல்ல, 16 என்றிருப்பேன். 2009இல் ஆய்வாளர் மார்கோராவின் குழுவினர் சிலருக்கு 90 நிமிடம் மூளைக்கு வேலை கொடுத்துவிட்டு சைக்கிள் மிதிக்கவிட்டார்கள். மிதித்தவர்கள் வழக்கத்தைவிடச் சீக்கிரம் நிறுத்திவிட்டார்கள். இதயத்தில் மாற்றமில்லை, கஷ்டம் என்ற உணர்வுதான் கூடியிருந்தது.

எங்கள் கூட்டத்தில் மண்டூர் ஆச்சி ஒருவர் வந்தார். செருப்பில்லை. பாளம் பாளமாக வெடித்த குதிகாலில் மணல் அப்பியிருக்கும், தலையில் ஒரு சீலைப் பொட்டலம். அரை மணிக்கொரு தரம் அவரிடம், "இன்னும் எவ்வளவு தூரம் ஆச்சி?" என்று கேட்டுக்கொண்டே வந்தேன்.

"வாய மூடிக்கிட்டு நடந்தா வழி நீளும் மனே. அரோகரா சொல்லு."

சொன்னேன். முதலில் கூச்சமாக இருந்தது. அப்புறம் முன்னால் போகிறவர்கள் அரோகரா என்றதும் பின்னால் நாங்கள் எடுக்க, காலடியும் அதற்கே விழத் தொடங்கியது. இரவு மரத்தடியில் நன்றாகத் தூங்கினேன். ஃபோனில் சிக்னலும் இல்லை, என் அப்பன் முருகன் செய்த உபகாரம் அது.

மறுநாள் வெயில் குறையவில்லை, மணலும் அதே மணல்தான். கும்புக்கன் ஆற்றில் இறங்கி முகம் கழுவும்போது கடிகாரத்தைப் பார்த்தேன்: 112. ஆச்சி இரு கையாலும் தண்ணீரை அள்ளித் தலையில் விட்டுக்கொண்டு என்னைப் பார்த்தார்.

"என்ன மனே, இண்டைக்குத் தூரம் கேக்கல்லையே?"