வசனத்த தூக்குனது யாரு

"அண்ணே, இப்ப ரைட்டரா பேசுறீங்களா, மியூசிக்கா பேசுறீங்களா?"ன்னு டைரக்டர் தம்பி கேட்டாரு. டிவிக்கு எடுத்த கதை அது, வசனமும் நான்தான், மியூசிக்கும் நான்தான். மியூசிக்னு பட்டுனு சொல்லிட்டேன். அந்த பதில்தான் இன்னும் உறுத்துது.

லயத்து வீட்ட, அதான் தோட்டத் தொழிலாளிங்க வரிசை வீட்ட, காலி பண்ற சீன். தோட்டத்த வித்தாச்சு, லோரி வந்து நிக்குது, அந்தம்மா கதவ சாத்திட்டு "சாவிய யாருகிட்டய்யா குடுக்குறது?"ன்னு கேக்கணும். அவங்க நடிகை இல்ல, மலேசியாவுல சுங்கை சிப்புட் பக்கம் பால்மரம் வெட்டுனவங்க, ஒரே டேக்ல சொல்லிட்டாங்க. ஆனா மியூசிக் போட உக்காந்தா புல்லாங்குழல் மெட்டு அதே இடத்துல வந்து விழுது. டிவிக்கு நொடிக்கு 25 ஃபிரேம், டெம்போ நிமிஷத்துக்கு 75 பீட்டு, அப்ப பீட்டுக்கு 20 ஃபிரேம், வசனம் சரியா நாலு பீட்டு. குழலும் பொம்பள குரலும் கிட்டத்தட்ட ஒரே ஸ்தாயில நிக்கும், சேத்து வச்சா ரெண்டும் தெளிவா கேக்காது. வசனத்த தூக்கிடலாம்னேன். "மெட்ட செல்லோவுக்கு எறக்கிப் பாருங்கண்ணே"ன்னாரு தம்பி, அது வயலின் மாதிரி, ஆனா பெருசு, கனமான குரல். பாத்தேன், எழவு வீடு மாதிரி ஆயிடுச்சு, மனசு ஒப்பல.

மொகமே சொல்லிருச்சு, வாயும் சொல்லணுமான்னு இன்னைக்கும் வாதாடுவேன். சத்யஜித் ராய் 1961லேருந்து தன் படத்துக்கு தானே மியூசிக் போட்டாரு, திரைக்கதையும் அவருதான். ஆனா டைரக்டரும் அவரேதான, நீ யாரா பேசுறன்னு கேக்க ஆளில்ல. எனக்கு இருந்துச்சு, நல்லவேளை இருந்துச்சுன்னும் தோணுது, ஏன்டா கேட்டாருன்னும் தோணுது.

பெறகு கோயில் மண்டபத்துல போட்டுக் காட்டுனப்ப அந்தம்மா வந்து "நான் பேசுனத காணோமேய்யா"ன்னாங்க. கோவமெல்லாம் இல்ல. மியூசிக் நல்லா வந்துச்சும்மா, அதான்னு என்னமோ சொன்னேன். நல்லாத்தான் இருக்குன்னு தலையாட்டுனாங்க.

நான் எழுதுன வசனம், நானே எடுத்தேன்னு தம்பிகிட்ட அன்னிக்கு பேசுனேன். ஆனா அது நானா யோசிச்சது இல்ல. கதைக்கு ஆள் தேடிப் போனப்ப அந்தம்மா அவங்க லயத்த ஒடைச்ச நாள பத்தி பேசிக்கிட்டிருந்தாங்க, கிராணிகிட்ட, அதான் தோட்டத்து ஆபீஸ் கிளார்க்குகிட்ட, சாவிய நீட்டுனாங்களாம், அவரு வாங்கலையாம், அத அப்படியே எழுதிக்கிட்டேன். அப்ப ரைட்டரா பேசியிருந்தாலும் எடுக்க எனக்கு உரிமை இருந்துச்சா? சீனுக்கு எது நல்லதோ அதத்தான செய்யணும், வேற எப்படி வேலை பாக்குறது?

அடுத்த கதைக்கு மியூசிக் வேற ஆள் போடட்டும்னு சொல்லிட்டேன், தம்பி ஒத்துக்கல. ரெண்டாவது சீனுக்கு மெட்டு வேற வந்துருச்சு, வசனம் இன்னும் ஒரு வரிகூட எழுதல.