மயிலிட்டியில் எங்கள் வளவைக் கண்டுபிடித்த விதம்

1990 ஜூனில், மயிலிட்டி அடங்கிய யாழ்ப்பாணத்து வலிகாமம் வடக்கிலிருந்து சனம் வெளிக்கிட்டபோது, சண்டை ஓய்ந்ததும் திரும்பிவிடலாம் என்றுதான் அம்மா நினைத்தார். உடுப்பை மட்டும் எடுத்தோம். அம்மாவின் சீதன உறுதி (காணிப் பத்திரம்) பெட்டியிலேயே கிடந்தது. பிறகு ஊரே இராணுவத்தின் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போனது. இடம்பெயர்ந்தவர்கள் இருந்த மல்லாகம் கோணப்புலம் முகாமில் பிறந்த பிள்ளைகள் அங்கேயே கலியாணமும் கட்டினார்கள். மயிலிட்டித் துறைமுகத்தை இராணுவம் விட்டது 2017 ஜூலையில். ஒரு மீன்பிடி ஊரைக் கடலிலிருந்து அத்தனை வருடம் பிரித்து வைத்ததை என்னால் இன்றைக்கும் ஏற்க முடியவில்லை.

எங்கள் காணிக்குள் போகலாம் என்று வந்ததும் முதல் வேலை உறுதியைத் தேடுவது. நொத்தாரிசு (சட்டப்படி பத்திரம் எழுதுபவர்) எழுதும் உறுதியில் ஒரு பிரதி காணிப் பதிவகத்துக்குப் போகும். ஆகவே மூலம் தொலைந்தாலும் மனம் தளர வேண்டாம். நொத்தாரிசின் பெயரும் எழுதிய ஆண்டும் தெரிந்தால் தேடுவது சுலபம். ஆண்டை அம்மாவின் கலியாணத்தை வைத்துப் பிடித்தோம்.

கையில் பிரதி வந்தது. நாலு பரப்பு (பரப்பு என்பது எங்கள் பக்கத்து நில அளவு), கிழக்கே இன்னாருடைய வளவு, மேற்கே ஒழுங்கை என்று எழுதியிருந்தது. ஆனால் அங்கே ஒழுங்கையும் இல்லை, வேலியும் இல்லை. வீடு இருந்த இடமெல்லாம் பற்றை. எல்லையாகப் பெயர் எழுதப்பட்டவர்கள் வந்து நின்றால்தான் அந்தக் கடதாசிக்கு உயிர். அம்மா அயலட்டையில் இருந்த கிழவிகளையும் கூட்டி வந்தார். "கிணத்தைப் பாருங்கோ, மிச்சம் தானா வரும்" என்றார் ஒருவர். உண்மைதான். எங்கள் உறுதியில் கிணற்றுப் பங்கும் வழிவாய்க்காலும் (போய்வரும் பாதை, தண்ணீர் வாய்க்கால் உரிமை) சேர்த்து எழுதியிருந்ததால், தூர்ந்துபோன அந்தப் பங்குக் கிணறு தெரிந்ததுமே கிழக்கு எல்லை பிடிபட்டது. அங்கிருந்து அம்மா அடுப்படி எது, மாட்டுக்கொட்டில் எது என்று நடந்து காட்டிக்கொண்டே போனார். நான் பின்னால் கட்டை அடித்துக்கொண்டு போனேன்.

ஒன்று முக்கியம்: கண்ணிவெடி பார்த்து முடிந்த இடம் என்று கிராம அலுவலர் உறுதிப்படுத்தாமல் பற்றை வெட்டவோ நெருப்பு வைக்கவோ வேண்டாம்.

அதன் பிறகு, அயல் காணிக்காரர் எல்லோரும் ஒரே நாளில் நிற்கும்படி நில அளவையாளரைக் கூப்பிட்டோம். வடக்குக் காணிக்காரர் கனடாவில். வீடியோ அழைப்பில் சம்மதம் சொன்னாலும் அது எழுத்தில் நிற்காது. அங்குள்ள இலங்கை உயர் ஸ்தானிகராலயத்தில் அத்தாட்சிப்படுத்திய அற்றோணித் தத்துவத்தை (தனக்காகச் செயற்படக் கொடுக்கும் அதிகாரப் பத்திரம்) தன் தம்பிக்கு அனுப்பினார். அது வந்த பிறகே வடக்குப் பக்கக் கல்லை நட்டோம்.