வீடு பூட்டியுள்ளது

2016-லிருந்து நான்கு வருடம் திருத்துறைப்பூண்டிக்குத் தெற்கே ஒரு வங்கிக் கிளையில், நகைக்கடன் கவுன்ட்டரில் இருந்தேன். சுத்தமான கடைமடை, காவிரித் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் இடம். ஊர் காலியாகிறது என்பதைத் தெருவில் பார்த்துத் தெரிந்துகொள்ளவில்லை, பாஸ்புக்கில்தான் பார்த்தேன்.

அந்த வருடம் மேட்டூர் அணை திறந்ததே செப்டம்பர் 20-இல். வழக்கமாக ஜூன் 12. வடகிழக்குப் பருவமழையும் கைவிட்டது. 2017 ஜனவரியில் தமிழகத்தின் எல்லா மாவட்டங்களையும் வறட்சி பாதித்தவையாக அரசு அறிவித்தது. அதுவரை வரவுப் பக்கத்தில் நெல் கொள்முதல் பணம் இருக்கும். அப்புறம் திருப்பூர், பல்லடம், அவிநாசியில் போட்ட பணம். பனியன் கம்பெனியில் சனிக்கிழமை சம்பளம் என்பதால் வரவெல்லாம் ஞாயிறு, திங்களில் விழும். செவ்வாய்க்கிழமை காலை கிழவிகள் பேரப்பிள்ளையோடு வரிசையில் நிற்பார்கள்.

ஊரைவிட்டுப் போகிறோம் என்று ஒருவரும் சொன்னதில்லை. 'கொஞ்ச நாள் இருந்துட்டு வர்றோம் சார்', அவ்வளவுதான். அதைச் சொல்லும்போது கழுத்தில் மஞ்சள் கயிறு மட்டும் இருக்கும். தாலிக்கொடி மதிப்பீட்டாளரின் உரைகல்லில் இருக்கும்.

2018 நவம்பர் 16 விடிகாலை கஜா புயல் வந்தது. நெல் போனாலும் தென்னை இருக்கிறது என்றிருந்தவர்களும் அதற்கப்புறம் பஸ் ஏறினார்கள். புதிதாகத் தென்னம்பிள்ளை வைத்தால் காய்க்க ஐந்தாறு வருடம் ஆகுமே.

தவணை தவறிய நகைகளுக்கு ஏல நோட்டீஸ் அனுப்புவது என் வேலை. 'வீடு பூட்டியுள்ளது' என்று கவர்கள் திரும்பி வரும். விதிப்படி நோட்டீஸ் அனுப்பியாயிற்று, அடுத்த கட்டம் ஏலம். அப்படித்தான் ஒருவருடைய மூன்று பவுன் சங்கிலி ஏலம் போனது. அவர் திங்கள்தோறும் திருப்பூரில் பணம் போடுவது எனக்குத் தெரியும். போன் நம்பரும் லெட்ஜரில் இருந்தது. ஒரு போன் போட்டிருக்கலாம். போடவில்லை.

நாலு நாள் கழித்து பணத்தோடு வந்து நின்றார். சத்தம்கூடப் போடவில்லை. ஏலத்தில் மிஞ்சிய தொகைக்குக் கையெழுத்துப் போட்டார்.

"அண்ணே, திருப்பூர் விலாசத்தைக் குடுங்க, மாத்திடுறேன்" என்று படிவத்தை நீட்டினேன்.

"அது வாடகை வீடு சார். நமக்கு விலாசம் இதுதான்" என்று படிவத்தை என் பக்கமே தள்ளினார்.