பாக்கோ ரபால்: படம் பார்த்த குறிப்புகள்

மார்ச் 8
ஸ்பானிஷ் நடிகர் பிரான்சிஸ்கோ ரபாலின் பிறந்தநாள். பாக்கோ என்பது செல்லப்பெயர். 1926இல் ஸ்பெயினின் தென்கிழக்கில், மூர்சியாவின் ஆகிலாஸில் பிறந்தவர். மத்ரீத் ஸ்டூடியோ ஒன்றில் எலக்ட்ரீஷியன் வேலை, பிறகு கூட்டத்தில் ஒருவர், நாடகம், அப்புறம்தான் நாயகன். பார்க்கத் தொடங்க ஏற்றது 'நசரீன்' (1959). லூயிஸ் புனுவெல் மெக்சிகோவில் எடுத்தது, ரபால் பாதிரியார். முடிவில் கைதியாக நடக்கிறவருக்கு ஒரு பெண் அன்னாசிப்பழம் நீட்டுகிறாள். முதலில் வேண்டாமென்கிறார், பிறகு வாங்கிக்கொள்கிறார். அந்த முகத்தில் இருப்பது நன்றியா, கலக்கமா என்று பிரித்துச் சொல்ல முடியாது. முரசொலி மட்டும் கேட்கிறது.

மார்ச் 11
'விரிதியானா' (1961). அதே இயக்குநர், நேர் எதிரான ஆள். ஹோர்ஹே என்ற சொத்துக்காரன். வண்டியடியில் கட்டப்பட்டு ஓடிவரும் நாயைப் பாவம் பார்த்து விலைக்கு வாங்குகிறான்; எதிரே இன்னொரு வண்டியின் அடியில் இன்னொரு நாய் ஓடுவது அவன் கண்ணில் படவில்லை. கடைசிச் சீட்டாட்டத்தில் நாயகி விரிதியானாவின் கையைப் பிடித்துச் சீட்டுக்கட்டின் மேல் வைக்கும்போது அவசரமே இல்லை. பாதிரியாரின் விறைத்த தோள் எங்கே போனது! ஒப்பனையில் பெரிய மாற்றமில்லை, உடம்பைச் சுமக்கும் விதம்தான் வேறு.

மார்ச் 14
இத்தாலிய இயக்குநர் அந்தோனியோனியின் 'லெக்லீஸ்ஸே' (1962). தொடக்கத்தில் நாயகி மோனிகா வித்தி பிரிந்துபோகும் காதலன். அக்கால இத்தாலியப் படங்களில் குரலைப் பின்னால் சேர்ப்பது வழக்கம். அதனால் ரபாலின் குரலை இதில் எடைபோட வேண்டாம். நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்திருப்பதைப் பாருங்கள், போதும்.

மார்ச் 20
1971இல் 'தி ஃபிரெஞ்ச் கனெக்‌ஷன்' வில்லனுக்கு இயக்குநர் வில்லியம் ஃபிரீட்கின் மனதில் வைத்திருந்தது ரபாலை. பெயர்க் குழப்பத்தில் வந்திறங்கியவர் ஃபெர்னாந்தோ ரே, 'விரிதியானா'வில் ரபாலின் அப்பா! ஃபிரீட்கின் விடவில்லை, 1977இல் 'சார்சரர்' படத்தில் கூலிக்கொலைகாரன் நீலோவாக ரபாலைக் கொண்டுவந்தார். பேச்சு குறைவு, பார்வை ஜில்லிடும். 'ஸ்டார் வார்ஸ்' வந்த ஒரு மாதத்தில் வெளியாகித் தியேட்டரில் மூழ்கிய படம் இது.

மார்ச் 27
'லோஸ் சாந்தோஸ் இனோசென்தேஸ்' (1984), இயக்கம் மாரியோ காமுஸ். ஒரே ஒரு படம்தான் பார்க்க நேரமென்றால் இதுவே. ஸ்பெயினின் எஸ்திரெமதுரா பகுதிப் பண்ணையில் அறிவு வளராத முதியவர் அசாரியாஸ். வெறும் வாயை மென்றுகொண்டே இருக்கிறார். தோல் வெடிக்காமலிருக்கக் கையில் சிறுநீர் கழித்துக்கொள்கிறார். இந்த வேடத்தில் சறுக்குவது சுலபம்: பரிதாபம் தேடினால் கோமாளியாகிவிடும். ரபால் யாரிடமும் பரிதாபம் கேட்பதில்லை. வளர்த்த பறவையிடம் "மிலானா போனிதா" என்று குழையும்போது மட்டும் அந்தக் கரகரத்த குரல் இளகுகிறது. அழகிய மிலானா என்று பொருள்; மிலானா என்பது அவர் பறவையை அழைக்கும் பெயர். கான் விழாவில் சிறந்த நடிகர் விருது அவருக்கும் உடன் நடித்த அல்ஃப்ரேதோ லாந்தாவுக்கும் பகிர்ந்து கிடைத்தது. ஆங்கில டப்பிங்கில் பார்த்தால் பாதி நடிப்பு போய்விடும். ஸ்பானிஷ் ஒலியோடு சப்டைட்டில் போட்டுப் பாருங்கள்.

ஏப்ரல் 2
அல்மோதோவாரின் 'ஆத்தாமே!'யில் சக்கர நாற்காலி இயக்குநர். சிறு வேடம், கண்ணாலேயே ஓட்டிவிடுகிறார். கார்லோஸ் சௌராவின் 'கோயா என் பூர்தேயோஸ்' (1999) படத்தில் காது கேளாத முதிய ஓவியர் கோயா. இதற்குத்தான் ஸ்பெயினின் கோயா திரைப்பட விருது. ஒளிப்பதிவாளர் விட்டோரியோ ஸ்தொராரோவின் வண்ண ஒளி சில இடங்களில் நடிகரையே விழுங்கப் பார்க்கிறது. இளமைக் கோயாவாக வருபவர் ஹோசே கொரோனாதோ. அந்தப் பகுதிகள் இழுவை, ரபால் இருக்கும் அறைக்குப் படம் திரும்பினால்தான் மூச்சு வருகிறது.