சுண்ணாம்புக்கும் உப்புக்கும் தப்பியவை

ராமநாதபுரம் கடலோரத்தில் ஈஸ்ட் மாதிரி சேகரிக்கும் ஆய்வக வேலையில் சேர்ந்ததிலிருந்து, "என்ன வேலை பார்க்குறீக?" என்று கேட்டவர்களுக்கு ஒரே வரியில் பதில் சொல்ல முடிந்ததில்லை. ஈஸ்ட் என்றால் பேக்கரி, அல்லது சாராயம். இட்லி மாவு பொங்குவதையும் பலர் அதன் கணக்கில் எழுதிவிடுவார்கள். உண்மையில் அதில் பெரும்பங்கு லாக்டிக் அமில பாக்டீரியாக்களுடையது.

இந்தக் கரையில் ஓராண்டு சுற்றினாலே ஒன்று புரிந்துவிடும். இங்கே பல தொழில்கள் ஈஸ்ட்டையும் அதன் கூட்டாளிகளையும் உள்ளே விடாமல் தடுப்பதில்தான் நிற்கின்றன. பதநீர் இறக்குபவர் கலயத்தில் சுண்ணாம்பு தடவுகிறார். கருவாடு போடுபவர் உப்பையும் வெயிலையும் நம்புகிறார். அந்தக் காவலை மீறி எது உள்ளே வருகிறது என்று பார்ப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

ஈஸ்ட் என்பது ஒரு குடும்பத்தின் பெயர் அல்ல. இழையாக வளராமல் தனித்தனி செல்லாக வாழப் பழகிக்கொண்ட பூஞ்சைகள் எல்லாவற்றுக்கும் சேர்த்து நாம் வைத்த பெயர் அது. அந்தப் பழக்கம் பூஞ்சைகளின் வெவ்வேறு கிளைகளில் தனித்தனியாகத் தோன்றியிருக்கிறது. பெயரிடப்பட்ட இனங்கள் 1500-ஐத் தாண்டிவிட்டன. ரொட்டியிலும் மதுவிலும் வேலை செய்யும் சாக்கரோமைசிஸ் செரிவிசியே அவற்றில் ஒன்றே ஒன்று. 1996-இல் மரபணுத் தொகுப்பு முழுவதும் படிக்கப்பட்ட முதல் உட்கரு உயிரி (செல்லுக்குள் உட்கரு உள்ள உயிர்) என்பதால் அதற்குப் புகழ் அதிகம்.

மண்டபத்தில் வேலை எளிது. ஒரு பக்கம் பாக் விரிகுடா, மறுபக்கம் மன்னார் வளைகுடா. காற்று ஒரு கடலைக் கலக்கினால் மறுகடலுக்குப் போய்விடலாம். கிருமிநீக்கம் செய்த குப்பியில் தண்ணீர் மொண்டு, ஆய்வகத்தில் 0.45 மைக்ரான் வடிதாள் வழியாக இழுத்து, அந்தத் தாளை அப்படியே அகார் தட்டில், அதாவது நுண்ணுயிர் வளர்க்கும் கூழ் ஊற்றிய தட்டில், படிய வைக்க வேண்டும். பாக்டீரியா மேலேறாமல் இருக்க அகாரில் குளோராம்பெனிகால் என்ற மருந்து கலந்திருக்கும். "தண்ணியக் கொண்டுபோயி என்ன தம்பி செய்வீக, கடல்தான் இங்கயே கிடக்கே" என்று ஒரு படகுக்காரர் ஒவ்வொரு முறையும் கேட்பார். பதிலுக்குக் காத்திருக்க மாட்டார்.

சில நாளில் தட்டில் இளஞ்சிவப்புப் புள்ளிகள் எழும். ரோடோடொருலா. கடல் நீரில் அடிக்கடி கிடைக்கும் ஈஸ்ட். கேரட்டின் நிறத்துக்குக் காரணமான வகை நிறமிதான் இதற்கும். வெயிலின் கடுமையை அது தாங்க உதவுகிறது. சிக்கல் என்னவென்றால் ரோடோடொருலா காற்றிலும் உண்டு, குளியலறைச் சுவரிலும் உண்டு. அதனால் ஒரு வெறும் தட்டைப் படகிலேயே சற்று நேரம் திறந்துவைத்து மூடி, கூடவே எடுத்துவர வேண்டும். அதிலும் சிவப்பு முளைத்தால் அன்றைய மாதிரியை நம்ப முடியாது. இந்த ரோடோடொருலா கோதுமையில் துரு நோய் உண்டாக்கும் பூஞ்சைகளின் பெருங்கிளையைச் சேர்ந்தது. ரொட்டி ஈஸ்ட் வேறு பெருங்கிளை. இரண்டும் பிரிந்து 40 கோடி ஆண்டுகளுக்கு மேலாகிறது. நமக்கும் நம் வலையில் விழும் மீனுக்கும் உள்ள உறவைவிட இவற்றின் உறவு நெருக்கம் என்று சொல்ல முடியாது.

கடலில் ஈஸ்ட் இருப்பது புதுச் செய்தி அல்ல. 1894-இலேயே அட்லாண்டிக் நீரிலிருந்து ஃபிஷர் பிரித்தெடுத்திருக்கிறார். கரையோர நீரில் லிட்டருக்கு நூற்றுக்கணக்கில்கூட இருக்கும். நடுக்கடலில் பெரும்பாலும் பத்துக்கும் கீழே. காரங்காட்டு அலையாத்திக் காட்டில் சேற்றையும் அழுகும் இலையையும் எடுத்துவந்தால் தட்டு நிறைந்துவிடும், எண்ணவே முடியாது. காரணம் எளிது: அங்கே சாப்பாடு இருக்கிறது.

உப்பளத்துக்கு வேறு புத்தி வேண்டும். வாலிநோக்கம் பக்கம் பாத்தி பாத்தியாக நீர் ஏறும். கடல் நீரில் உப்பு சுமார் 3.5 சதவீதம். பாத்தி மாறமாற அது கெட்டியாகி, 24, 25 டிகிரி (சூடு அல்ல, நீரின் அடர்த்தியைச் சொல்லும் போமே டிகிரி) தொட்டால் உப்பு விழத் தொடங்கும் என்று அங்கே வேலை செய்யும் அக்காமார் நீரைப் பார்த்தே சொல்வார்கள். அந்த நீரைச் சாதாரண அகாரில் ஊற்றிவிட்டு "ஒன்றும் இல்லை" என்று அறிக்கை எழுதுவது சுலபம். அகாரிலேயே பத்து சதவீதத்துக்கு மேல் உப்பைக் கலந்து, வாரக்கணக்கில் பொறுமையாக வைத்தால்தான் கறுத்த, பளபளக்கும் புள்ளிகள் மெல்லத் தலைகாட்டும். எந்தத் தட்டை வைக்கிறோமோ அதற்குப் பிடித்த விருந்தாளிதான் வருவான். பழைய ஆய்வறிக்கைகளில் "ஈஸ்ட் இல்லை" என்ற வரியைப் பார்த்தால் இப்போதெல்லாம் முதலில் தட்டில் என்ன கலந்தார்கள் என்றுதான் தேடுகிறேன்.

இந்தக் கறுப்பு வகைகளில் பேர்போனது ஹோர்ட்டியா வெர்னெக்கி. உப்பளங்கள் அதன் இயல்பான வாழிடம் என்பதை 2000-இல் ஸ்லோவேனியா நாட்டு ஆய்வாளர்கள் எழுதினார்கள். உப்பே இல்லாத இடத்திலிருந்து ஏறத்தாழ உப்பு கரைந்து நிறைந்துவிடும் அளவு வரை அது வளரும். வெளியே உப்பு கூடும்போது செல்லுக்குள் இருக்கும் தண்ணீர் வெளியேறப் பார்க்கும். அதை நிறுத்த, செல் தனக்குள்ளேயே கிளிசரால் தயாரித்துச் சேர்த்துக்கொள்கிறது. டெபாரியோமைசிஸ் ஹான்செனி என்ற வெள்ளை ஈஸ்ட்டும் இதே வழியில்தான் கடலிலும் பாலாடைக்கட்டி ஊறும் உப்பு நீரிலும் பிழைக்கிறது. கறுப்பனுக்குக் கூடுதல் வசதி ஒன்று உண்டு: செல் சுவரில் படியும் மெலனின் என்ற கறுப்பு நிறமி, கிளிசரால் கசிந்துபோகாமல் பிடித்துவைக்கிறது. ஆய்வகத்தில் ஈஸ்ட்டை மைனஸ் 80 டிகிரியில் உறையவைத்துக் காப்பாற்ற நாங்கள் ஊற்றுவதும் கிளிசரால்தான்.

கருவாட்டுக் கடைகளில் ஒரு விளக்கம். நன்றாகக் காயாத கருவாட்டில் சிவப்பு படர்ந்தால் உடனே "உங்க ஈஸ்ட்டா?" என்று என்னைப் பார்ப்பார்கள். இல்லை. அது பெரும்பாலும் உப்பில் மட்டுமே வாழும் வேறு நுண்ணுயிர்கள், ஆர்க்கியா. பழுப்புப் பொடி தூவியதுபோல் வந்தால் அது வாலேமியா என்ற பூஞ்சை. இரண்டுக்கும் ஈஸ்ட் பொறுப்பல்ல.

2021-இல் அந்தமான் கடற்கரையில், உப்புச் சதுப்பிலும் மணலிலும், கேண்டிடா ஆரிஸ் கிடைத்தது என்ற செய்தி வந்தபோது எங்கள் வேலையின் நிறம் மாறியது. மருந்துக்குக் கட்டுப்படாமல் மருத்துவமனைகளில் பரவும் ஈஸ்ட் அது. 2009-இல்தான் ஜப்பானில் ஒருவர் காதிலிருந்து எடுத்து முதன்முதலாகப் பெயரிட்டார்கள். உடல் சூட்டைத் தாண்டி 42 டிகிரியிலும் வளரும், உப்பையும் தாங்கும். அதுவரை நாங்கள் தட்டுகளை அறைச் சூட்டில்தான் வைத்தோம். அதன்பிறகு ஒவ்வொரு மாதிரிக்கும் ஒரு தட்டு 42 டிகிரிக்குப் போனது. கையுறை இல்லாமல் யாரும் தட்டைத் தொடுவதில்லை. எங்கள் தட்டுகளில் அது வரவில்லை. ஆனால் அதைத் தேடுவதற்கென்று வைத்த தட்டு அதற்கு முன் ஒன்றுகூட இல்லை என்பதும் உண்மை.

எனக்குப் பிடித்த இடம் சாயல்குடிப் பக்கத்துப் பனங்காடுதான். பாளையைச் சீவினால் வடிவது, பத்து சதவீதத்துக்கு மேல் சர்க்கரை உள்ள சாறு. ஈஸ்ட்டுக்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. ஈஸ்ட்டால் பறக்க முடியாது. ஆனால் பழ வாசனை தரும் எஸ்டர்களை விட்டு ஈக்களையும் தேனீக்களையும் வரவழைத்துக்கொள்ளும், அவற்றின் உடம்பில் ஏறி அடுத்த பாளைக்குப் போகும். கலயத்தில் சுண்ணாம்பு இல்லாவிட்டால் சாறு மரத்திலேயே கள்ளாகத் தொடங்கிவிடும். ஈஸ்ட்டுக்கு லேசான புளிப்புதான் ஒத்துவரும். சுண்ணாம்பு சாற்றின் புளிப்பை முறித்துக் காரத்தன்மைக்கு மாற்றி அதன் கையைக் கட்டிவிடுகிறது.

சுண்ணாம்பு தடவாத கலயம் ஒன்று ஆய்வுக்கு வேண்டும் என்று ஒரு பெரியவரிடம் கேட்டேன். "அண்ணாச்சி, ஒரே ஒரு மரத்துல" என்றேன். "ஒரு மரம்னாலும் கள்ளு கள்ளுதான் தம்பி. போலீஸ்காரன் வந்தா மைக்ரோஸ்கோப்பையா காட்டுவேன்?" என்றார். தமிழ்நாட்டில் கள்ளுக்குத் தடை இருக்கிறது, அவர் சொன்னதில் தவறே இல்லை. கடைசியில் சீவிய பாளை நுனியைப் பஞ்சால் துடைத்துக் குழாயில் போட்டுத் தந்தார். நுண்ணோக்கியில் முதலில் தெரிந்தவை இரு முனையும் கூரான, எலுமிச்சை வடிவச் செல்கள். திராட்சைச் சாற்றிலும் இந்த வடிவத்தவர்தான் முந்தி வருவார்கள். சாராயம் ஏறஏற அதைத் தாங்கும் சாக்கரோமைசிஸ் இடத்தைப் பிடித்துக்கொள்ளும். மொட்டுவிடாமல் நடுவில் குறுக்கே பிளந்து பெருகும் நீள்செல்களும் சில இருந்தன. கண்ணால் பார்த்து இனம் சொல்ல முடியாது. மரபணுவில் சுமார் 600 எழுத்து நீளமுள்ள ஒரு துண்டைப் படித்து, தெரிந்த இனத்தோடு ஒப்பிட்டு, ஒரு சதவீதத்துக்கு மேல் மாறினால் பெரும்பாலும் வேறு இனம் என்று கொள்வது 1998 முதல் எங்கள் துறையின் வழக்கம்.

இந்தப் பட்டியலெல்லாம் பெரியவருக்கு வேண்டாம். அவர் கவலை கருப்பட்டி. சில நாள் பதநீர் வாயில் வைத்தால் நன்றாகவே இருக்கும், காய்ச்சினால் பதம் வராது. சிரட்டையில் ஊற்றினால் பிசுபிசுவென்று நிற்கும். அவர் காய்ச்சும்போது போடும் ஆமணக்கு முத்தையும் அடுப்பையும் சந்தேகப்பட்டார். நான் விளக்கினேன்: ஈஸ்ட் தன் செல்லின் மேலேயே வைத்திருக்கும் ஒரு நொதி, சாற்றுச் சர்க்கரையை இரண்டாக உடைக்கிறது. உடைந்தது கட்டி பிடிக்காது. காய்ச்சும்போது ஈஸ்ட் செத்துவிடும். உடைந்த சர்க்கரை மறுபடி ஒட்டாது. அவர் கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "அப்ப சுண்ணாம்பு எவ்வளவு போதும்னு சொல்லு. கூடுனா கருப்பட்டி கறுக்குது, ருசியும் கெடுது" என்றார்.

திட்ட விண்ணப்பங்களில் "தொழிற்பயன்" என்றொரு கட்டம் வரும். அதில் எத்தனால், புரதம், நிறமி என்று நிரப்பிக் கொடுப்போம். யாரும் கேட்காத இந்தச் சுண்ணாம்புக் கணக்கு அந்தக் கட்டத்தில் ஒருமுறைகூட இடம்பெற்றதில்லை. அடுத்த பருவத்துக்கு இரண்டு மரம் தருவதாகப் பெரியவர் ஒப்புக்கொண்டிருக்கிறார். கலயத்துக்குக் கலயம் சுண்ணாம்பைக் கூட்டிக் குறைத்துக் கட்டுவோம். ஒரே நிபந்தனை: குறைத்துக் கட்டிய கலயம் கள்ளாகிப்போய் யாராவது வந்து கேட்டால், மரத்தடியில் நின்று பதில் சொல்ல வேண்டியவன் நான்.